விலைக்கு இல்லாத பறவை

அமெரிக்காவின் தெற்கு டகோட்டா மாநிலத்தில் ஸ்பிங்க் கவுன்டியின் தலைமை ஊர் ரெட்ஃபீல்ட். தன்னை 'உலக ஃபெசன்ட் தலைநகரம்' என்று அழைத்துக்கொள்ளும் ஊர். அக்டோபர் பின்பாதியில் அங்கே விடுதி அறை கிடைப்பது கடினம். தெருவெல்லாம் வெளிமாநில எண்பலகையோடு பிக்கப் வண்டிகள், வண்டிகளின் பின்னால் கூண்டுகளில் நாய்கள், கடை வாசல்களில் வேட்டைக்காரர்களை வரவேற்கும் பலகைகள். இத்தனை இருந்தும், சுற்றியிருக்கும் வயல்களில் சுட்ட ஒரு ஃபெசன்டை எந்த உணவகத்திலும் காசு கொடுத்துச் சாப்பிட முடியாது. வேட்டையாடிய பறவையைத் தின்னலாம், அடுத்தவருக்குக் கொடுக்கலாம், விற்கக் கூடாது என்பது சட்டம். உணவகத் தட்டில் வருவது பண்ணையில் வளர்ந்த பறவை. வயல் பறவையை ருசிக்க வேண்டுமென்றால் யாராவது வீட்டுக்கு அழைக்க வேண்டும்.

என்னை அழைத்தார்கள். நண்பர் ஒருவர் வழியாக அறிமுகமான விவசாயக் குடும்பம். "ஃபெசன்ட் பாட்பை செய்யப்போகிறோம், வந்தால் நீங்களும் வேலை செய்ய வேண்டியிருக்கும்" என்று வீட்டுக்கார அம்மா முன்பே தொலைபேசியில் சொல்லிவிட்டார்.

ஃபெசன்ட் கோழி இனத்துப் பறவை. மயிலுக்கும் காட்டுக்கோழிக்கும் உறவு. சேவலுக்குச் செம்பு நிற உடல், பச்சைத் தலை, கண்ணைச் சுற்றிச் சிவப்பு, கழுத்தில் வெள்ளை வளையம், நீண்ட வால். பெட்டை காய்ந்த புல்லின் நிறம். பாட்பை என்பது ஆழமான பாத்திரத்தில் கறியும் காயும் கெட்டிக் குழம்பில் கிடக்க, மேலே மாவு மூடியிட்டு ஓவனில் சுடும் சாப்பாடு. மூடிக்குப் பதிலாக பிஸ்கெட்டுகளை அடுக்குவதும் உண்டு. நாம் டீயில் நனைக்கும் பிஸ்கெட் அல்ல, பேக்கிங் பவுடரால் உப்பி எழும் சின்ன ரொட்டி அது. மேல்பக்கம் மொறுமொறுக்கும், அடிப்பக்கம் குழம்பைக் குடித்து ஊறியிருக்கும்.

மாநிலத்தின் கிழக்கோரத்தில் புரூக்கிங்ஸ் நகரிலிருந்து 14ஆம் எண் நெடுஞ்சாலையில் மேற்கே கிளம்பினேன். சாலை நேராகப் போகிறது. இரு பக்கமும் அறுவடை முடிந்த சோயா வயல், அறுவடைக்கு நிற்கும் மக்காச்சோளம், நடுநடுவே சம்பங்கோரை அடர்ந்த, நீர் தேங்கும் பள்ளங்கள். வழியில் டி ஸ்மெட் என்ற சிற்றூர். லாரா இங்கல்ஸ் வைல்டர் எழுதிய சிறுவர் நாவல்களைப் படித்தவர்கள் தேடி வரும் ஊர். அவர் குடும்பம் 1880களில் இங்கேதான் நிலம் எடுத்துக் குடியேறியது. 1941இல் வந்த 'லிட்டில் டவுன் ஆன் த பிரெய்ரி' நாவலில், விளைந்த பயிர்மேல் கரும்பறவைகள் கூட்டமாக இறங்குகின்றன. அப்பா சுட்டுச் சுட்டு ஓய்கிறார், விளைச்சல் போய்விடுகிறது. அம்மா அந்தப் பறவைகளையே மாவு மூடியிட்டுப் 'பை'யாகச் சுட்டு மேசைக்குக் கொண்டுவருகிறார். விளைச்சலைத் தின்ற பறவையைத் தாங்கள் தின்று தீர்த்த கணக்கு. இந்தச் சமவெளியில் பறவைப் பை விருந்துணவாகத் தொடங்கவில்லை. இருந்ததை வைத்துப் பசியாற்றும் வழியாகத்தான் தொடங்கியது.

அங்கிருந்து ஐம்பது கிலோமீட்டருக்குச் சற்று மேல் போனால் ஹியூரன். சாலையோரத்தில் 28 அடி உயர ஃபெசன்ட் சிலை நிற்கிறது. 1959இல் வைத்தது. அதன்கீழ் நின்று குடும்பங்கள் படமெடுத்துக்கொள்கின்றன. நானும் எடுத்துக்கொண்டேன். அதற்கு மேல் அங்கே செய்ய ஒன்றுமில்லை.

ரெட்ஃபீல்டைத் தாண்டி வடக்கே 65 கிலோமீட்டர் அளவில் அபர்டீன். இங்கே ஒரு பழைய ரயில் நிலையம் இருக்கிறது. இரண்டாம் உலகப் போரின்போது போர்முனைக்குப் போகும் படைவீரர்களின் ரயில்கள் தண்ணீருக்கும் எரிபொருளுக்கும் இங்கே சிறிது நேரம் நிற்கும். 1943 முதல் ஊர்ப் பெண்கள் நிலையத்தில் கேன்டீன் நடத்தி, இறங்கி வரும் வீரர்களுக்கு ஃபெசன்ட் சாண்ட்விச் கொடுத்தார்கள். மாட்டிறைச்சிக்கு அப்போது ரேஷன். ஃபெசன்டோ வயலெல்லாம் நிறைந்திருந்தது. சுட்டவர்கள் கொண்டுவந்து கொடுத்தார்கள், பெண்கள் வேகவைத்து அரைத்து, காய்கறியும் முட்டையும் மயோனைஸும் சேர்த்து ரொட்டியில் தடவினார்கள். கேன்டீன் மூடுவதற்குள் ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட வீரர்கள் அங்கே சாப்பிட்டுப் போனதாகக் கணக்கு. ஒரு சென்ட்கூட வாங்கவில்லை. விற்க முடியாத பறவையால் ஓர் ஊர் தன் பெயரை நாடு முழுக்கக் கொண்டுபோனது இப்படித்தான்.

*

இவ்வளவு ஆர்ப்பாட்டமும் ஒரு வெளிநாட்டுப் பறவைக்கு. ஃபெசன்டின் சொந்த மண் ஆசியா. ஷாங்காயில் அமெரிக்கத் தூதரக அதிகாரியாக இருந்த ஓவன் நிக்கர்சன் டென்னி, 1881இல் சீனத்துப் பறவைகளைக் கப்பலில் ஒரிகனுக்கு அனுப்பினார். முதல் அனுப்பலில் பெரும்பாலானவை வழியிலேயே செத்தன. அடுத்த ஆண்டு மீண்டும் அனுப்பியவை வில்லமெட் பள்ளத்தாக்கில் பிழைத்துப் பெருகின. பத்தே ஆண்டில், 1892இல், அங்கே வேட்டைப் பருவம் அறிவிக்கும் அளவுக்குப் பெருக்கம்.

தெற்கு டகோட்டாவில் அவை வேர்பிடித்தது 1908, 1909 ஆண்டுகளில். ஸ்பிங்க் கவுன்டியின் ரெட்ஃபீல்டையும் டோலண்டையும் ஒட்டிய தோப்புகளில் விவசாயிகள் சொந்தச் செலவில் வாங்கி விட்டார்கள். பிறகு அரசும் பறவைகளை விட்டது. 1919இல் முதல் வேட்டைப் பருவம், ஒரே ஒரு நாள், இந்த ஒரே ஒரு கவுன்டியில். 1940களின் நடுவில் மாநிலத்தில் ஒரு கோடியே அறுபது லட்சம் ஃபெசன்ட் இருந்ததாக மதிப்பீடு. மனிதர்கள் ஏழு லட்சத்துக்கும் குறைவு. 1943இல் சீனப் பறவை மாநிலப் பறவையானது.

அதற்கு இடம் விட்டது யார் என்பதையும் சொல்ல வேண்டும். லகோட்டா, டகோட்டா பூர்வகுடி மக்களிடமிருந்து நிலம் பறிபோய், குடியேறியவர்களின் ஏர் புல்வெளியைப் புரட்டியபோது, அந்தப் புல்லை நம்பியிருந்த பிரெய்ரி கோழிகள் தேய்ந்துபோயின. உழுத வயல், வரப்போரப் புல், குளிருக்கு ஒதுங்கக் கோரைப் பள்ளம் ஆகிய மூன்றும் அடுத்தடுத்து இருக்கும் நிலத்தில் ஃபெசன்ட் நன்றாக வாழும். விவசாயம் ஒரு பறவையை விரட்டி இன்னொன்றைக் குடிவைத்தது.

*

வேட்டை காலை 10 மணிக்குத்தான் தொடங்கலாம். விவசாயி, அவர் மகன், மருமகள், அக்கம்பக்கத்தார் சிலர், இரண்டு லாப்ரடார் நாய்கள். பாதிப் பேர் மக்காச்சோள வயலின் ஒரு முனையில் வரிசையாக நின்று உள்ளே நடந்தார்கள். மீதிப் பேர் மறுமுனையில் காத்திருந்தார்கள். ஃபெசன்ட் பறப்பதைவிட ஓடுவதையே விரும்பும். ஆள் வரும் சத்தம் கேட்டால் வரிசைக்கு முன்னால் தரையோடு ஓடும். வயல் முடியும் இடத்தில் ஆள் நிற்பதைக் கண்டதும் வேறு வழியின்றிச் சடசடவென்று எழும். நான் துப்பாக்கி இல்லாமல் வெகுதூரம் பின்னால், காய்ந்த தோகை முகத்தில் அறைய, நடந்து போனேன்.

பறவை எழும்போதெல்லாம் யாராவது உரக்கக் கத்துவார்கள். "ரூஸ்டர்!" என்றால் சேவல், சுடலாம். "ஹென்!" என்றால் துப்பாக்கிகள் இறங்கிவிடும். பெட்டையைச் சுடக் கூடாது. ஒரு சேவல் பல பெட்டைகளோடு கூடும், ஆகவே சேவல்கள் குறைந்தாலும் அடுத்த ஆண்டுக் குஞ்சுகள் குறையாது என்பதே இதன் கணக்கு. ஒருவருக்கு ஒரு நாளைக்கு 3 சேவல். அதையும் வீட்டுக்குக் கொண்டுபோகும்போது தலையோ காலோ இறக்கையோ ஒட்டியிருக்க வேண்டும், வழியில் அதிகாரி நிறுத்தினால் சேவல்தான் என்று காட்டுவதற்கு.

மதியம் கொட்டகையில் பறவைகளைச் சுத்தம் செய்தோம். இறகு பறிக்க நேரமாகும், அதனால் இங்கே பெரும்பாலும் தோலோடு உரித்துவிடுகிறார்கள். நெஞ்சுக்கறி வெளிர் நிறம், தொடை அடர்ந்த சிவப்பு. கொழுப்பே இல்லை என்று சொல்லலாம். எனக்குக் கொடுத்த வேலை ரவைக்குண்டு பொறுக்குவது. எஃகுக் குண்டு சதையில் நுழையும்போது ஒரு சிறு இறகையும் உள்ளே இழுத்துப் போகும். கறியை வெளிச்சத்தில் பிடித்து, கருத்த கோடு தெரியும் இடத்தில் கத்திமுனையால் கிளறி, இறகையும் குண்டையும் எடுக்க வேண்டும். விட்டுவிட்டால் சாப்பிடுபவரின் பல் போகும்.

*

"நெஞ்சும் காலும் ஒரே பாத்திரத்தில் ஒரே நேரம் வேகக் கூடாது. அதைச் செய்தவர்கள்தான் ஃபெசன்ட் ரப்பர் என்கிறார்கள்" என்றார் வீட்டுக்கார அம்மா. நாள் முழுக்க ஓடும் பறவையின் கீழ்க்காலில் துடைப்பக் குச்சிபோல விறைத்த தசைநார்கள் கத்தை கத்தையாக இருக்கும். கால்களையும் முதுகெலும்பையும் வெங்காயம், கேரட், செலரியோடு மெல்லிய கொதியில் 2 மணி நேரத்துக்கு மேல் வைத்தார். சதை கழன்று விழும் பதம் வந்ததும் குச்சிகளை ஒவ்வொன்றாக உருவி எறிந்தோம். சாற்றை வடிகட்டிக்கொண்டார். நெஞ்சுத் துண்டுகளை அந்தச் சூடான சாற்றில் கடைசியில் போட்டு, பாதி வெந்ததும் எடுத்துவிட்டார். மீதி வேக்காடு ஓவனில். கோழிக்கு இத்தனை பொறுமை வேண்டாம், அதன் கொழுப்பு நம் தவறுகளை மூடிவிடும்.

எலும்புச் சாறு கொதித்துக்கொண்டிருந்த அந்த 2 மணி நேரத்தில்தான் ஏன் விற்கக் கூடாது என்று கேட்டேன். பதிலை விவசாயி சொன்னார், மேசையில் உருளைக்கிழங்கு உரித்தபடி. 19ஆம் நூற்றாண்டில் அமெரிக்கச் சந்தைகளில் காட்டுப்பறவை தாராளமாக விற்றது. தொழில்முறை வேட்டைக்காரர்கள் பயணப்புறாக்களைக் கூடுகட்டும் தோப்புகளிலேயே வலைபோட்டும் சுட்டும் பிடித்து, பீப்பாய்களில் அடைத்து, ரயிலேற்றிப் பெருநகரங்களுக்கு அனுப்பினார்கள். நூற்றுக்கணக்கான கோடிகளில் இருந்த பறவை. நாட்டின் பழைய சமையல் நூல்களில் புறாப் பைக்குத் தனி இடம் உண்டு. கடைசிப் பறவை 1914 செப்டம்பர் 1 அன்று சின்சினாட்டி விலங்குக் காட்சிசாலையில் செத்தது. அழிவு கண்முன் நடந்தபோது அண்டை மாநிலமான அயோவாவின் நாடாளுமன்ற உறுப்பினர் ஜான் லேசி கொண்டுவந்த சட்டம் 1900இல் நிறைவேறியது. சட்டவிரோதமாகப் பிடித்த வேட்டைப் பறவையை மாநிலம் கடத்தி விற்பதை அது குற்றமாக்கியது. மாநிலச் சட்டங்கள் விற்பனையையே தடுத்தன. வேட்டை தொடரலாம், அதில் வியாபாரம் இருக்கக் கூடாது. 1937இல் இன்னொரு சட்டம் வந்து, துப்பாக்கிக்கும் தோட்டாவுக்கும் விதித்த வரியை வனவிலங்குப் பாதுகாப்புக்குத் திருப்பிவிட்டது.

இந்தியாவில் நாம் வேறு வழியில் போனோம். 1972இன் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும் அதன் திருத்தங்களும் வேட்டையையே முடித்துவைத்தன. கௌதாரியும் காடையும் பிடித்து விற்ற நரிக்குறவர்களின் பிழைப்பு அதோடு போயிற்று. இன்று நம் உணவகங்களில் வறுபடுவது பண்ணைக் காடை. இரு நாடுகளும் பறவையைக் காக்கவே நினைத்தன. அங்கே சந்தையைப் பூட்டினார்கள், இங்கே காட்டைப் பூட்டினார்கள். எதைப் பூட்டினாலும் உள்ளே மாட்டிக்கொள்பவர் யார் என்பது ஊருக்கு ஊர் மாறுகிறது.

அதன் விளைவை அந்த அடுப்படியில் பார்த்தேன். விலைக்கு வராததால் ஃபெசன்ட் பாட்பைக்கு உணவகப் பாணி என்று எதுவும் உருவாகவில்லை. வீட்டுக்கு வீடு ஒரு செய்முறை. பக்கத்து வீட்டில் காளான் போடுவார்களாம், இந்த வீட்டில் ஆகாது. ஜெர்மானிய வம்சாவளி வீடுகளில் பிஸ்கெட்டுக்குப் பதிலாகக் குழம்பிலேயே மாவு உருண்டைகளை வேகவிடுவார்களாம். யாரும் யாரிடமும் சரியான முறை எது என்று கேட்பதில்லை.

இந்த வீட்டு முறை இது. வார்ப்பிரும்பு வாணலியில் வெண்ணெய் உருகியதும் வெங்காயம், கேரட், செலரி வதங்க வேண்டும். மேலே மாவைத் தூவிப் பச்சை வாசம் போகக் கிளறி, எலும்புச் சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றினால் குழம்பு கெட்டியாகும். வேகவைத்த உருளைக்கிழங்கு, பச்சைப் பட்டாணி, தைம் இலை, மிளகு, கொஞ்சம் க்ரீம். கடைசியில் கறி. குழம்பு கரண்டியில் ஒட்டி மெதுவாக இறங்க வேண்டும். நீர்த்திருந்தால் பிஸ்கெட் மூழ்கும், இறுகியிருந்தால் ஓவனில் வறண்டுபோகும்.

பிஸ்கெட்டில் ஒரு சிக்கல் உண்டு. அதற்கு ஏற்றது புரதம் குறைந்த மென்கோதுமை மாவு. அது தென்மாநிலங்களின் சொத்து. டகோட்டாவில் விளைவதோ ரொட்டிக்குப் பெயர்போன கடினமான சிவப்பு வசந்தக் கோதுமை, புரதம் மிகுந்தது. பிசையப் பிசைய இறுகும். ஆகவே இங்கே கையை எவ்வளவு குறைவாக வைக்கிறோமோ அவ்வளவு நல்லது. 2 கப் மாவு, 1 மேசைக்கரண்டி பேக்கிங் பவுடர், உப்பு. குளிர்ந்த வெண்ணெய் 85 கிராமை அதில் விரல்நுனியால் உதிர்த்து, பட்டாணி அளவுத் துண்டுகள் தெரியும்போதே நிறுத்தினார். முக்கால் கப் மோர், அதுவும் அந்நாட்டுக் கெட்டி மோர். மாவு ஒன்றுசேர்ந்த உடன் தட்டி, மடித்து, மறுபடி தட்டி, வட்ட அச்சால் நேராக அழுத்தி வெட்டினார். அச்சைத் திருகினால் ஓரம் ஒட்டிக்கொண்டு பிஸ்கெட் எழாது. உள்ளிருக்கும் வெண்ணெய் ஓவன் சூட்டில் உருகி நீராவி விடும்போதுதான் அடுக்கடுக்காகப் பிரியும்.

பேக்கிங் பவுடர் இல்லாவிட்டால் இந்தச் சமையலே இல்லை. ஹார்வர்டில் வேதியியல் கற்பித்த எபன் ஹார்ஸ்ஃபோர்ட் 1856இல் காப்புரிமை பெற்ற பாஸ்பேட் கலவையிலிருந்து வளர்ந்த பொருள் அது. ஈஸ்ட் புளிக்கக் காத்திருக்க நேரமில்லாத பண்ணை வீடுகளுக்கு மாவு உடனே எழும் வசதியை அது கொடுத்தது.

பிஸ்கெட் அடுக்கும் முன் வாணலியில் குழம்பு கொதிக்க வேண்டும் என்பதில் அம்மா கண்டிப்பு. ஆறிய குழம்பின்மேல் வைத்தால் மேலே பொன்னிறமாகும், அடியில் பச்சை மாவாகவே இருக்கும். 220 டிகிரி ஓவனில் 25 நிமிடம். பிறகு கறித்துண்டு ஒன்றில் வெப்பமானியைச் செருகிப் பார்த்தார். பறவைக் கறிக்குக் குறைந்தது 74 டிகிரி. அதையும் தாண்டியிருந்தது.

*

மேசையில் வாணலியையே நடுவில் வைத்தார்கள். தொடைக்கறியில் ஈரல் சாயலோடு ஒரு காட்டு வாசம், நெஞ்சுக்கறியில் கோழியைவிட இறுக்கமான நார். மக்காச்சோளமும் களைவிதையும் வெட்டுக்கிளியும் தின்று ஓடித்திரிந்த உடம்பு என்பது வாயிலேயே தெரிந்தது. காரம் மிளகு அளவுக்கு மட்டும். ஊறுகாய் இல்லையே என்று நாக்கு முதலில் தேடியது உண்மை. இரண்டாம் தட்டில் தேடவில்லை.

பேச்சு புல்லின் பக்கம் திரும்பியது. ஃபெசன்டின் விதி துப்பாக்கியில் இல்லை, பயிர் விலையில் இருக்கிறது என்றார் மகன். 1985இன் விவசாயச் சட்டம் ஒரு திட்டம் கொண்டுவந்தது. அரித்துப்போகும் நிலத்தை 10 முதல் 15 ஆண்டுக்கு உழாமல் புல்லாக விட்டால் அரசு வாடகை தரும். அந்தப் புல்லில் பெட்டைகள் கூடுகட்டின. 2007இல் மாநிலத்தின் ஃபெசன்ட் எண்ணிக்கை ஒரு கோடியைத் தாண்டியது. அதே காலத்தில் எத்தனால் தேவையால் மக்காச்சோள விலை ஏறியது. ஒப்பந்தம் முடிந்த நிலங்களைப் பலர் மறுபடி உழுதார்கள், பறவைகளும் சரிந்தன. "நாங்களும் ஒரு துண்டு நிலத்தை உழுதோம்" என்றார் விவசாயி. அதற்கு அவர் வருத்தமும் சொல்லவில்லை, சமாதானமும் சொல்லவில்லை. டிராக்டர் கடன் எவ்வளவு என்று மட்டும் சொன்னார்.

பறவை குறைந்த ஆண்டில் பாட்பைக்கு என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். "உருளைக்கிழங்கு கூடும், கேரட் கூடும், கடைக் கோழி கொஞ்சம் சேரும். பிஸ்கெட் மட்டும் எப்போதும் அதே அளவுதான்" என்றார் அம்மா.

கிளம்பும்போது நன்றி சொன்னேன். நாள் முழுக்க ரவைக்குண்டு பொறுக்கியதற்கும் தசைநார் உருவியதற்கும் நல்ல கூலி கிடைத்துவிட்டது என்றேன். விவசாயி கையைத் தூக்கித் தடுத்தார். "கூலி என்று வெளியே சொல்லிவிடாதீர்கள். அப்புறம் நாங்கள் ஃபெசன்ட் விற்றதாகிவிடும்."